பிள்ளைகளுக்காக அழுத நடிகை

நான் வேலைக்குப் போகிற வீடுகளில் ஒன்றில், கதவைத் திறக்கிறவர் என்னைக் கண்டதும் இரண்டடி பின்னால் போவார். ஒரு கை கதவு நிலையைப் பிடிக்கும், மற்றக் கை வயிற்றுக்குப் போகும். "சொல்லாதை. என்ர மகனுக்கு என்னவோ நடந்திட்டுது. சொல்லாதை" என்பார். பிறகு, நான் சப்பாத்தைக் கழற்றி முடிப்பதற்குள், "வா பிள்ளை, குளிருது, கதவைச் சாத்திப்போட்டுத் தேத்தண்ணியைப் போடு" என்று சிரித்துக்கொண்டு உள்ளே போய்விடுவார். செவ்வாயும் வெள்ளியும் காலை பத்து மணிக்கு இதுதான் நடக்கும். லண்டனில் வயதானவர்களைக் குளிப்பாட்டி, உடுப்பு மாற்றி, மருந்து கொடுக்கிற கெயரர் வேலை எனக்கு. எத்தனையோ விதமான வரவேற்புகளைப் பார்த்துவிட்டேன். இப்படி ஒன்றைப் பார்த்ததில்லை.

முதல்நாள் நான் அதை உண்மையென்றே நம்பிவிட்டேன். கழுத்தில் தொங்கும் அடையாள அட்டையைத் தூக்கிக் காட்டியபடிதான் வாசலில் நிற்கவேண்டும் என்பது எங்கள் வேலையின் சட்டம். எங்கள் வன்னியில் அட்டையைக் காட்டிக்கொண்டு படலைக்கு வந்தவர்கள் எவரும் நல்ல சேதி கொண்டு வந்ததில்லை. அதனால் அவருடைய முகத்தைப் பார்த்ததும் நானே ஏதோ செய்துவிட்டவள்போல "சொறி, சொறி, நோ பொலிஸ், கெயரர்" என்று உளறினேன். அவர் இருமல் வரும்வரை சிரித்தார். "நல்லாப் பயந்திட்டாய். அப்ப எனக்குத் தொழில் இன்னும் மறக்கேல்லை" என்றார். அவர் ஆங்கிலத்தில் சொன்னதை எங்கள் பேச்சில்தான் எழுதுகிறேன், குறைநினைக்க வேண்டாம். என் காதில் அது அப்படித்தான் விழுகிறது.

அவருடைய தொழில் அழுவது. பெயரை மாற்றி, மிஸ் டெல்ரோஸ் என்று இங்கே எழுதுகிறேன். எண்பது வயது கடந்த ஜமேக்காக்காரி. நாற்பது வருடத்துக்கு மேலாக இந்த நாட்டுத் தொலைக்காட்சியில் நடித்தவர். அவருக்கு ஐந்து வயதாக இருந்தபோது தாய் இங்கே ஆஸ்பத்திரி கூட்டித் துடைக்க வந்துவிட்டார். பன்னிரண்டு வயதில் மகளைக் கூப்பிட்டு எடுத்தபோது விமான நிலையத்தில் இரண்டு பேருக்கும் ஒருவரையொருவர் அடையாளம் தெரியவில்லையாம். பள்ளிக்கூடத்தில் அவர் வாயைத் திறந்தாலே பிள்ளைகள் சிரிப்பார்கள். பகலில் கடையில் நின்று, மாலை வகுப்பில் நடிப்புப் படித்தபோது, ஓர் ஆசிரியை இரண்டு வருடம் மினக்கெட்டு அவருடைய நாக்கிலிருந்து ஜமேக்காவைத் துடைத்து எடுத்தார். படிப்பு முடிந்து முதல் வேடம் கிடைத்தது. ஒரு தாதி, ஒரேயொரு வசனம். அதைச் சொன்னதும் இயக்குநர், "இன்னும் கொஞ்சம் ஜமேக்காப் பெண்போலப் பேசுங்கள்" என்றாராம். பாவம், அடுத்த சனிக்கிழமை ஜமேக்காக்காரர் கூடுகிற பிரிக்ஸ்ரன் சந்தைக்குப் போய், மீன் விற்ற ஒரு பெண்ணுக்குப் பக்கத்தில் அரைநாள் நின்று தன் சொந்தப் பேச்சைத் திரும்பப் பொறுக்கிக்கொண்டு வந்திருக்கிறார்.

தாதி, பஸ் கொண்டக்டர், பாடசாலையில் சாப்பாடு பரிமாறுகிறவர் என்று கொஞ்சக் காலம் போனது. முப்பத்தைந்து வயது தாண்டியதும் அவருக்கு ஒரே வேடம்தான். பொலிஸ் நாடகங்களில், தெருவில் குத்துப்பட்டோ சுடுபட்டோ செத்துப்போன பையனின் தாய். கதவு தட்டப்படும், இரண்டு பொலிஸ்காரர் நிற்பார்கள், அவர் அழுவார். அதோடு கதை துப்பறிகிறவருடையதாகிவிடும். கொலைகாரனைப் பிடிக்கிற கடைசிக் காட்சிக்கு அவரை ஒருபோதும் கூப்பிட்டதில்லை. "முதல் விளம்பரம் வர முன்னம் நான் அழுது முடிச்சிடவேணும்" என்பார். ஒரு முழுப் படத்தில் கதாநாயகியாக நடிக்கவேண்டுமென்று கடைசிவரை ஆசைப்பட்டிருக்கிறார். அது வரவில்லை. சொந்தமாகப் பிள்ளையும் இல்லை. இதைச் சொல்லும்போது மட்டும் அவர் பகிடி விடுவதில்லை.

என் அம்மா அழாத தாய். கிளிநொச்சிக்குப் பக்கத்து முரசுமோட்டையில், அப்பாவுக்குக் குளத்துத் தண்ணீரோடு கிடைத்த வயலுக்குப் பக்கத்து வீட்டில் என் தங்கை சுகந்தியோடு இருக்கிறார். தம்பி ரமணன் எங்களுக்குக் கடைசி. யுத்தம் முடிந்த நாட்களில், எல்லாரும் கடற்கரையிலிருந்து வெளியேறி வந்தபோது, பெயர் பதிந்துவிட்டு விடுவோம் என்று ஆமிக்காரர் இளம் பிள்ளைகளைக் கூப்பிட்டார்கள். அம்மாதான் அவனுடைய கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டுபோய் விட்டார். "பதிஞ்சுபோட்டு வா, இதில நிக்கிறன்" என்றார். பஸ் ஒன்றில் ஏற்றினார்கள். அவனுக்குப் பத்தொன்பது வயது. அம்மா அந்த இடத்திலேயே நின்றார். இன்றைக்கும் அவர் அங்கேதான் நிற்கிறார் என்று எனக்குப் படும்.

கிளிநொச்சியில் ஏ9 வீதியோரக் கொட்டிலில், காணாமற்போன பிள்ளைகளின் படங்களோடு இருக்கும் தாய்மாரை இதை வாசிக்கிறவர்கள் பஸ்ஸிலிருந்து பார்த்திருப்பீர்கள். அம்மாவும் முடிந்த நாளெல்லாம் போய் இருந்தவர். கமரா கொண்டு வருகிறவர்களுக்கு அழுகிற முகம் வேண்டும். அம்மாவுக்கு முன்னால் கொஞ்சநேரம் நின்றுவிட்டுப் பக்கத்து ஆளிடம் நகர்ந்துவிடுவார்கள். "அவன் இருக்கேக்க நான் ஏன் அழவேணும்? அழுதால் நானே அவனைச் சாக்காட்டினமாதிரி" என்பார். வீட்டில் அவனுடைய படத்துக்கு மாலை இல்லை, விளக்கு இல்லை. காணாமற்போனவர்களின் வீடுகளில் அப்படித்தான். திவசம் என்ற சொல்லை எடுத்தாலே அம்மா எழும்பிக் குசினிக்குள் போய்விடுவார்.

இந்த வழக்கம் மிஸ் டெல்ரோஸுக்குத் தெரியாது. ஒருநாள் கைத்தொலைபேசியில் தம்பியின் படத்தைக் கண்டு யாரென்று கேட்டார். யுத்தத்தில் தொலைந்த தம்பி என்று சொன்னேன். அந்தப் படத்தைத் தனக்கு அனுப்பச் சொன்னார், அனுப்பினேன். அடுத்த வெள்ளிக்கிழமை போனபோது அவருடைய அலுமாரிக்கு மேலே ரமணன் நின்றான். அயல்வீட்டுக்காரரைக் கொண்டு பெரிதாக அச்சடித்துச் சட்டம் போட்டிருந்தார். எங்கள் வழக்கம் இதுவென்று எதிலோ பார்த்து, மஞ்சள் கடதாசிப் பூவில் தானே ஒரு மாலை கட்டிப் போட்டு, முன்னால் ஒரு மெழுகுதிரியும் கொளுத்தி வைத்திருந்தார். விரல் வாதத்தோடு அந்த மாலையைக் கட்ட எவ்வளவு நேரம் எடுத்திருக்கும் என்பதெல்லாம் எனக்கு அப்போது தோன்றவில்லை. மாலையை இழுத்து அறுத்தேன். திரியை ஊதி அணைத்தேன். "ஹி இஸ் நொட் டெட்!" என்று கத்தினேன். வேலைக்குப் போகிற வீட்டில் நான் குரல் உயர்த்தியது அந்த ஒருமுறைதான்.

நான் அழுதழுது, தெரிந்த ஆங்கிலத்தில் விளங்கப்படுத்தினேன். அவர் அறுந்த மாலையைச் சுருட்டி வைத்துவிட்டு, "அப்ப பொடியன் வீட்டை வரப் பிந்துது, அவ்வளவுதானே" என்றார். படத்தை மட்டும் அங்கேயே வைக்கட்டுமா என்று கேட்டார். ஓம் என்றேன்.

அவருடைய பழைய காட்சி ஒன்று இணையத்தில் கிடந்தது. நான் பராமரிக்கிற மனிசி யாரென்று அம்மா கேட்டதால் அதைச் சுகந்திக்கு அனுப்பினேன். அம்மாவுக்கு ஒரு சொல் ஆங்கிலம் தெரியாது. கதவு தட்டுப்படுவதும், பொலிஸ் தொப்பியைக் கழற்றுவதும், இவர் நிலத்தில் குந்தியிருந்து கதறுவதும் அவருக்கு மொழிபெயர்ப்பில்லாமல் விளங்கியது. அன்று பின்னேரம் தொலைபேசி எடுத்துக் கேட்டார்:

"அவாக்குப் பிள்ளையின்ர உடம்பைக் காட்டினவங்களோ?"

"அம்மா, அது நடிப்பு."

"நடிப்பெண்டு எனக்குத் தெரியாதே? கதையில காட்டினவங்களோ எண்டு கேக்கிறன்."

"ஓம். அடுத்த காட்சியில கூட்டிக்கொண்டுபோய்க் காட்டுவினம்."

"குடுத்து வைச்சவா" என்றார் அம்மா.

இதை அடுத்தமுறை மிஸ் டெல்ரோஸுக்குச் சொன்னபோது, அவருடைய காலுக்கு எண்ணெய் பூசிக்கொண்டிருந்தேன். காலை இழுத்துக்கொண்டார். பிறகு ஆஸ்பத்திரிக் காட்சிகளைப் பற்றிச் சொன்னார். வெள்ளைத் துணிக்குக் கீழே உண்மையில் ஒரு பொடியன்தான் படுத்திருப்பானாம். மூச்சுவிட்டால் துணி ஏறி இறங்கும். "மூச்சை அடக்கு" என்று இயக்குநர் கத்துவார். இவர் குனிந்து அழும்போது அவனுடைய மூச்சின் சூடு கன்னத்தில் படும். காட்சி முடிந்ததும் அவன் எழும்பி, "அன்ரி, தேத்தண்ணி இருக்கோ?" என்று கேட்பானாம். "நான் அழுத பிள்ளையள் ஒருத்தரும் சாகேல்லை எண்டு கொம்மாவுக்குச் சொல்லு" என்றார். அம்மாவுக்கு அதை அப்படியே சொன்னேன். "அப்பிடியே?" என்று மட்டும் கேட்டார்.

இதற்குப் பிறகு அம்மாவுக்குச் சிறுநீரக வருத்தம் முற்றியது. ஆஸ்பத்திரியில் வைத்திருந்துவிட்டு, வீட்டிலேயே பாருங்கள் என்று அனுப்பிவிட்டார்கள். சுகந்தி எனக்குத் தனியே எடுத்து அழுதாள். "அக்கா, அவாக்கு நெஞ்சுக்குள்ள கிடக்கிறது தம்பிதான். ஒருக்கா அழுதிட்டா எண்டால் ஆறுதலாப் போவா. இப்பிடி இறுக்கிக்கொண்டு போகவிடக்கூடாது. நீ சொன்னால் கேப்பா." நான் என்ன சொல்வது? அம்மா அழுதால் ரமணன் இல்லை. அழாவிட்டால் அம்மா அந்தப் பாரத்தோடு போவார். மூத்தவள் என்ற பெயருக்கு நான் இருக்கிறேன், ஆனால் பதினேழு வருடமாக அந்த வீட்டு வாசலை மிதிக்காதவள். பயணத்துக்கான பத்திரங்கள் சரிவராமல் இங்கே கிடக்கிறேன். தூரத்திலிருந்து ஒரு தாயிடம் 'உன் பிள்ளை செத்துவிட்டான், அழு' என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

போன செவ்வாய்க்கிழமை, மிஸ் டெல்ரோஸைக் குளிப்பாட்டி முடித்துத் தலை துவட்டிக்கொண்டிருந்தபோது சுகந்தியின் வீடியோ அழைப்பு வந்தது. வேலைநேரத்தில் எடுக்கக்கூடாது. ஆனால் அவளுடைய பெயரைக் கண்டால் இப்போதெல்லாம் எடுக்காமல் விட முடிவதில்லை. எடுத்தேன். கட்டிலில் சாய்ந்தபடி அம்மாவே பேசினார். அங்கே மதியம் திரும்பிய நேரம். வெயில் யன்னலால் வந்து அவருடைய கையில் கிடந்தது.

"நீ அந்த நடிக்கிற மனிசி வீட்டையோ நிக்கிறாய்?"

"ஓம் அம்மா. என்ன செய்யுது?"

"எனக்கொண்டுமில்லை. அவாவிட்டை ஒண்டு கேக்கவேணும். அவா அழுத பிள்ளையள் ஒருத்தருக்கும் ஒண்டும் ஆகேல்லை எண்டவா, என்ன?"

"ஓம்."

"அப்ப எங்கட ரமணனுக்கும் ஒருக்கா அழுவாவோ எண்டு கேள்."

சுகந்தி முகத்தைத் திருப்பிக்கொண்டது தெரிந்தது. அம்மா மூச்சு வாங்கிக்கொண்டு மெல்லச் சொன்னார்: "பெத்தவள் அழுதால் அது செத்தவீடு, பிள்ளை. அவா அழுதால் பிள்ளைக்கு ஒண்டும் ஆகாது. நான் பாத்துக்கொண்டிருக்கிறன். எனக்கு அவ்வளவு காணும்."

துவாய் கையில் இருக்க, அம்மா கேட்டதை மிஸ் டெல்ரோஸுக்கு ஆங்கிலத்தில் சொன்னேன். எந்தப் பகிடிக்கும் தயாராக இருக்கிற அந்த முகத்தில் சிரிப்பில்லை. தன்னை நிமிர்ந்த கதிரையில் இருத்தச் சொன்னார். பிறகு, தனக்கு ஒரு வழக்கம் உண்டு என்றார். கதை எழுதுகிறவர்கள் பல தடவை அந்தப் பையனுக்கு ஒரு பெயர்கூட வைக்காமல் விட்டுவிடுவார்களாம். யாரென்று தெரியாத பிள்ளைக்கு அழ வராது என்று, இவரே பெயர் வைத்து, பிறந்த நாள் வைத்து, விருப்பமான சாப்பாடு வைத்துத்தான் கமராவுக்கு முன்னால் போவாராம். "இவனுக்கு நான் ஒண்டும் வைக்கத் தேவையில்லை. கொம்மாவைக் கேட்டுச் சொல்லு."

பெயரை மூன்று முறை சொல்லிப் பழகினார். வீட்டுக்கு வந்ததும் முதலில் என்ன செய்வான் என்று கேட்டார். "சைக்கிளைப் போட்டிட்டுக் குசினிப் பக்கத்தால வந்து, சட்டியளைத் திறந்து பாப்பான்" என்றார் அம்மா. நித்திரையில் எப்படிப் படுப்பான்? "குப்புற. சின்னனில இருந்தே." யாரில் பயம்? "ஒருத்தரிலும் இல்லை. மாட்டில மட்டும். வயல்காரன்ர பிள்ளைக்கு மாட்டில பயம்." அம்மா நிறுத்தவில்லை. அவனுக்குக் கீழ்வரிசைப் பல்லில் ஒன்று கோணல் என்பதும், கடைசி நாளில் அவன் அப்பாவின் சாரத்தை உடுத்திருந்தான் என்பதும் எனக்கே தெரியாத விடயங்கள். ஒவ்வொன்றாக மொழிபெயர்த்தேன். கடைசியில் மிஸ் டெல்ரோஸ் கையை உயர்த்தி, இவ்வளவு காணும் என்றார்.

நான் தொலைபேசியின் மறுபக்கக் கமராவைப் போட்டு, அவருக்கு நேரே பிடித்தேன்.

நான் பார்த்த காட்சிகளில் அழுததுபோல அவர் அழவில்லை. கதறவில்லை, விழவில்லை. மடியில் கிடந்த தன் கைகளைப் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, "ரமணன்" என்றார். யாரோ குசினிக்குள் வந்துவிட்டது போலத் தலையைத் திருப்பிக் கூப்பிட்டார். பதில் இல்லை. இன்னொருமுறை கூப்பிட்டார். அதற்குப் பிறகு அவருடைய தோள்கள் குலுங்கத் தொடங்கின. அந்தக் கிழட்டு உடம்பிலிருந்து வந்த சத்தத்தை நான் செத்தவீடுகளில்தான் கேட்டிருக்கிறேன். கண்ணீர் மோவாயால் வடிந்து, நான் சற்றுமுன் மாட்டிவிட்ட சட்டையை நனைத்தது.

திரையில் அம்மா கண் வெட்டாமல் பார்த்துக்கொண்டிருந்தார். அவருடைய உதடுகள் மட்டும் அசைந்தன. ஒரு கட்டத்தில், "இன்னும் கொஞ்சம்" என்றார்.

"இன்னும் கொஞ்சமாம்" என்று ஆங்கிலத்தில் சொன்னேன். கமரா மறுபக்கம் இருந்ததால் என் முகம் அம்மாவுக்குத் தெரியாது. மூச்சு மாறியதைத்தான் கேட்டிருப்பார்.

"நீ அழாதை" என்றார் அம்மா. "நீ அவன்ர அக்கா."

நான் அழவில்லை. இரண்டு கையாலும் தொலைபேசியை ஆடாமல் பிடித்துக்கொண்டு நின்றேன்.