அடுப்படி வாசலில் ஒரு வலை கேட்

நான் இரண்டாம் வகுப்போடு நின்றவள். என் பெயரை மட்டும் நிறுத்தி நிதானமாக எழுதுவேன். ஆனால் என் வீட்டில் எது எங்கே இருக்க வேண்டும் என்று எனக்கு யாரும் படித்துக் காட்ட வேண்டியதில்லை.

நாகல் நகரில் இந்த வீட்டைக் கட்டும்போது ஹாலுக்கும் சமையல்கட்டுக்கும் நடுவே கதவே வேண்டாம் என்று சொன்னவள் நான்தான். இரண்டு பேர் அண்டாவைத் தூக்கிக்கொண்டு இடிக்காமல் போகிற அகலத்துக்கு வழியைத் திறந்தே விடச் சொன்னேன். அடுப்படியில் நின்றபடியே வாசலுக்கு வருகிறவர்களை ‘வாங்க’ என்று கூப்பிடலாம். என் வீட்டுக்காரர் போன பிறகும் அந்த வழியை யாரும் மறித்ததில்லை, வீட்டுக்குள் நாய் வருகிற வரைக்கும்.

செல்போன் எல்லார் கைக்கும் வந்துவிட்ட காலம் அது. மகன் ஒரு வெள்ளை நாயைத் தூக்கிக்கொண்டு வந்தான். உடம்பெல்லாம் முடி, பஞ்சுப் பொதி மாதிரி. எந்நேரமும் என் காலைச் சுற்றும். ஒருநாள் சோறு வடிக்கும்போது காலுக்குள் புகுந்துவிட்டது. பானை சாய்ந்து கஞ்சி என் புறங்காலில் கொட்டியது. நாய்க்கு ஒன்றும் ஆகவில்லை. அதைத்தான் முதலில் தூக்கிப் பார்த்தார்கள். அதையும் நான் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன்.

கொப்புளம் ஆறுவதற்குள் மகன் ஒரு நீளமான அட்டைப்பெட்டியோடு வந்தான். சிங்கப்பூரில் இருக்கும் கூட்டாளி கொடுத்தானாம். பாய் போலச் சுருண்டிருக்கும் வலை. இழுத்தால் வரும், எதிர்ச் சுவரில் மாட்டிக்கொள்ளலாம். விட்டால் தானாகச் சுருண்டு குழலுக்குள் போய்விடும்.

“எதுக்குலே இது?” என்றேன்.

“நாய் அடுப்படிக்குள்ள வராதும்மா. ஒங்களுக்காகத்தான்.”

“நாயைக் கட்டிப் போட வேண்டியதுதான?”

“சங்கிலி போட்டா அழுவுதும்மா, பாவம்.”

“அப்ப சங்கிலி எனக்கா?”

“ஐயோ, சங்கிலி இல்லம்மா. கேட்டு!”

மாட்டுவதற்கு ஆள் வந்தார். அகலத்துக்கு வலை எட்டவில்லை. ஒரு பக்கச் சுவரில் மரக்கட்டையை வைத்து முடுக்கி, இடத்தைக் குறுக்கினார். பிறகு, “சார், பூட்டு இருக்கிற குழலு எந்தப் பக்கம் வரணும்?” என்று கேட்டார். மகன் மருமகளைப் பார்த்தான். “உள்பக்கம் ஃப்ரிட்ஜும் அரிசி டிரம்மும் இருக்கே. ஹால் பக்கமே வச்சிருங்கண்ணே” என்றாள் அவள். ஃப்ரிட்ஜைக் கேட்டார்கள், டிரம்மைக் கேட்டார்கள். அதே அடுப்படியில் நின்று வெங்காயம் அரிந்துகொண்டிருந்த என்னை ஒரு வார்த்தை கேட்கவில்லை.

குழலின் தலையில் ஒரு குமிழ். அதை அமுக்கிப் பிடித்துத் திருகினால்தான் வலை இளகும், எதிர்ச் சுவரிலிருந்து கழற்ற முடியும். ஹாலில் நிற்கிறவர்களுக்கு அது கைக்கெட்டும் தூரம். உள்ளே நிற்கிற நான் சுவர் விளிம்பைச் சுற்றிக் கையை விட்டுத் தடவ வேண்டும். எண்ணெய்க் கைக்கு அது வழுக்கும். மகன் லுங்கியை மடித்துக் கட்டி ஒரே எட்டில் தாண்டிக் காட்டினான்.

“பாருங்க, எம்புட்டு லேசு!”

“எனக்கும் ஒரு லுங்கி வாங்கிக் குடுலே” என்றேன். மருமகள் சிரித்தாள். சிரிக்கச் சொல்லவில்லை நான். சேலை கட்டினவள் தொடை உயரத்து வலையை எப்படித் தாண்டுவாள் என்று இருவருக்குமே தோன்றவில்லை. தண்ணீர் குடிக்க வருகிறவர்கள் தாண்டினார்கள், திறந்தார்கள், மூடினார்கள். ஹாலில் ஃபேனுக்கு அடியில் நாய் படுத்திருந்தது. நான் வலைக்கு இந்தப் பக்கம் வேர்த்து நின்றேன்.

ஈஸ்டர் முடிந்து, ஜெபம் சொல்லித் தீர்த்தம் தெளித்து வீடு மந்திரிக்க எங்கள் கோயில் பங்குச் சாமியார் வருகிற நாள் வந்தது. வீட்டுக்கு மூத்தவள் எரிகிற மெழுகுவர்த்தியோடு வாசலில் நின்று சாமியை அழைத்து, அறை அறையாக முன்னால் நடக்க வேண்டும். குடிவந்த வருடத்திலிருந்து அதைச் செய்கிறவள் நான். அன்றைக்குப் பட்டுச்சேலை கட்டி, மெழுகுவர்த்தியைப் பற்றவைக்க அடுப்படிக்குள் போனேன். வெளியே ஆட்டோ சத்தம் கேட்டதும் நாய் குதிக்க ஆரம்பித்தது. அது உள்ளே ஓடிவிடும் என்று மருமகள் வலையை இழுத்து மாட்டிவிட்டு வாசலுக்கு ஓடினாள்.

ஒரு கையில் மெழுகுவர்த்தி. மறு கையைச் சுவரைச் சுற்றி விட்டேன். குமிழ் அமுங்குகிறது, திருகவில்லை. கூப்பிட்டேன். நாய் குரைத்த குரைப்பில் என் குரல் யாருக்கும் கேட்கவில்லை. சாமி உள்ளே வந்துவிட்டார். மருமகள் வேறொரு மெழுகுவர்த்தியை ஏந்தி முன்னால் வந்தாள். ஹால் நடுவில் உட்கார்ந்திருந்த நாயின் தலையில் தீர்த்தத்தின் முதல் துளி விழுந்தது. அது உதறிக்கொண்டது.

சாமி வலைக்கு அருகில் வந்து நின்றார்.

“என்ன பாட்டியம்மா, உள்ளயே நின்னுட்டீங்க?”

“நான் நிக்கல சாமி. நிறுத்தி வச்சிருக்காக.”

மகன் ஓடி வந்து திறந்தான். “சரி, சரி, அடுப்படியையும் மந்திரிச்சிருவோம்” என்று சாமி காலெடுத்து வைத்தார்.

“பொறுங்க சாமி” என்றேன். “இந்த வீட்டுல வாசல்லருந்து ஒங்களக் கூட்டிட்டு வர்றது நானு. மறுபடி வாசலுக்கு வாங்க.”

“அம்மா, சாமிக்கு இன்னும் நெறைய வீடு இருக்கு…” என்று மகன் இழுத்தான்.

“இதுவும் வீடுதான்லே.”

சாமி திரும்பி வாசலுக்கு வந்தார். நான் முன்னால் நடந்தேன். முதலிலிருந்து எல்லா அறைக்கும் தீர்த்தம் தெளித்தார்.

அவர் போனதும் ஹாலில் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தேன். மத்தியானம் ஆயிற்று, எழுந்திருக்கவில்லை. “சோறு அத்தை?” என்று மருமகள் மெதுவாகக் கேட்டாள். “நாயக் கேளு. அதுதான மொதல்ல தீர்த்தம் வாங்குச்சு” என்றேன். அவளே ஏதோ ஆக்கினாள். நான் தொடவில்லை. அந்த வலை இருக்கிற வரைக்கும் அடுப்படிக்குள் கால் வைப்பதில்லை என்று சொல்லிவிட்டேன்.

பொழுது சாய்வதற்குள் மாட்டின ஆளே வந்து கழற்றினார். பின்கட்டில் நாய்க்கு ஒரு மூலை ஒதுக்கி, வலையை அங்கே மாட்டினார்கள்.

இரவுக்கு இட்லி ஊற்றினேன். மகன் தட்டை ஏந்திக்கொண்டு அடுப்படி வரைக்கும் வந்தான்.

“கோவம் போச்சாம்மா?”

“செத்த நேரம் பொறு, இட்லி வேகட்டும்” என்றேன்.

பசிக்கிற பிள்ளைக்குச் சோறு போடுவது வேறு. கோபம் போகவில்லை. இதைச் சொல்கிற இன்றைக்கும் போகவில்லை.