அக்கா தகட்டில் ஏற்றிய தமிழ்

எங்கள் அக்கா கவரைப்பேட்டையில் பிறந்தார். அப்பா கூலிக்கு நாற்று நட்டவர். எங்கள் வீட்டில் முதன்முதலாகப் பாலிடெக்னிக் படித்தவர் அக்காதான். கும்மிடிப்பூண்டியில் இயந்திரம் செய்யும் தொழிற்சாலை ஒன்றில் கணினியில் வரைபடம் போடும் வேலைக்குச் சேர்ந்து, கடைசிவரை அங்கேயே இருந்தார்.

ஒருமுறை பிரஸ் மெஷினில் ஒரு தொழிலாளிக்கு விரல் நசுங்கிவிட்டது. எச்சரிக்கைத் தகடு அவர் கண்ணெதிரேதான் இருந்தது, ஆங்கிலத்தில்.

"இன்னா எய்திக்குதுன்னே தெரில மேடம்" என்று கட்டுப்போட்ட கையோடு அவர் சொன்னதைக் கேட்டு, அக்கா அன்று சாப்பிடவே இல்லை. தமிழிலேயே தகடு செய்கிறேன் என்று மேலாளரிடம் போய் நின்றார்.

"மெஷின்ல தமிழ் வராது, முடியாதுன்னு எல்லாரும் சொல்றாங்க. அடுத்த வெள்ளிக்கிழமை வரைக்கும் பாரும்மா. வரலன்னா இங்கிலீஷ் தகடே இருக்கட்டும்" என்றார் அவர்.

வழக்கமான தமிழ் எழுத்துரு அந்த வரைபட மென்பொருளில் வெறும் கட்டங்களாகத் தெரிந்தது. வேறு எழுத்துருவை மாற்றிக் கொடுத்தால் இன்னொரு தொல்லை. அச்சு எழுத்துக்குத் தடிமன் உண்டல்லவா? தகட்டில் எழுத்தைச் செதுக்கும் இயந்திரத்தின் ஊசி அதன் இரு விளிம்பிலும் ஓடி, ஒவ்வோர் எழுத்தும் இரட்டைக் கோடாக விழுந்தது. 'கொ'வின் கொம்பு இடம் மாறி நின்றது. இரண்டு தகடுகள் வீணாயின.

அக்கா எல்லாவற்றையும் அழித்துவிட்டு, பேனாவால் எழுதுவதுபோல ஒவ்வோர் எழுத்தையும் ஒற்றைக் கோட்டில் தாமே வரைந்தார். கொம்பையும் காலையும் தனியே வைத்துச் சேர்த்தார். ஞாயிற்றுக்கிழமை நான் போனபோது ஒரு தாளை நீட்டினார்.

"தம்பி, இது ளுவா, ஞுவா? சட்டுனு சொல்லு."

நான் தப்பாகச் சொன்னேன். "அப்போ இன்னும் சரியா வரல" என்று சிரித்துக்கொண்டே திருத்தப் போய்விட்டார்.

வெள்ளிக்கிழமை ஊசி சிக்கலில்லாமல் ஓடியது. 'இயந்திரத்தை நிறுத்தாமல் கையை உள்ளே விடாதீர்கள்.' விரல் நசுங்கியவர் எழுத்துக் கூட்டி உரக்கப் படித்தார்.

"யாரையும் கேக்காம நானே பட்ச்சிட்டேன் மேடம்!"

ஷெட்டே கைதட்டியது. மேலாளர் தகட்டைத் தடவிப் பார்த்து, "எல்லா மெஷினுக்கும் போட்டுடும்மா" என்றார். பின்னர் திருவள்ளூர் வரையுள்ள தொழிற்சாலைகளிலிருந்து யார் யாரோ கேட்டார்கள். அத்தனை பேருக்கும் அக்கா அந்த எழுத்துகளைச் சும்மாவே கொடுத்தார்.

சென்ற ஆண்டு நோய் வந்தது. மருத்துவமனைப் படுக்கையிலும் சந்தேகம் கேட்டு வந்த அழைப்புகளுக்குச் சலிக்காமல் பதில் சொன்னார். ஒரு காலைப் பொழுதில் அமைதியாகக் கண்மூடினார்.

இரத்தம் கொடுத்த உடன்பணியாளர்களுக்கும், கூப்பிட்ட போதெல்லாம் வந்து நின்ற புதுவாயல் ஆட்டோ நண்பருக்கும், கடைசிவரை கவனித்துக்கொண்ட செவிலியருக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. கண்ணீரோடு இதை முடிக்க எனக்கு மனமில்லை. முடியாது என்றார்கள், செய்து காட்டிவிட்டுப் போனார் எங்கள் அக்கா.

— தம்பி