கொழும்பிலிருந்து வந்த விசாரிப்பு

சிவகாசியில் சின்னதாக ஓர் அச்சகம் நடத்துகிறேன். கொழும்பில் மக்கள் ஜனாதிபதி மாளிகைக்குள் புகுந்ததை டிவியில் பார்த்தபோது, ஒரு நாட்டின் ஆட்சியே கவிழ்கிறதே என்று எனக்குத் தோன்றவில்லை. தூத்துக்குடித் துறைமுகத்தில் கிடக்கும் என் படப் புத்தக லோடு என்ன ஆகுமோ என்றுதான் பதறினேன்.

உடனே கொழும்பில் கடை வைத்திருக்கும் வாடிக்கையாளருக்குப் போன் போட்டேன். "அண்ணாச்சி, ஆர்டரை ரத்து பண்ணிராதீக" என்றேன். எப்படி இருக்கிறீர்கள் என்று கேட்கவில்லை.

பெட்ரோல் வரிசையில் நிற்பதாகச் சொன்னார். ஆர்டரை ரத்து செய்ய மாட்டேன் என்றார். பிறகு அவர் கேட்டார்: "உங்கட பக்கம் பட்டாசு ஆலையில வெடி விபத்தாம், நியூஸில பாத்தன். உங்கட ஆக்கள் எல்லாரும் சுகமோ?"

அப்போதுதான் எனக்கு உறைத்தது. விபத்து நடந்தது வெம்பக்கோட்டைப் பக்கம். என்னிடம் புத்தகம் தைக்கும் மாரியம்மாளின் கணவர் அங்கேதான் ஓர் ஆலையில் வேலை பார்க்கிறார். அது எனக்குத் தெரியும். காலையில் அவள் லீவு கேட்டு வந்தபோது, ஏன் என்றுகூடக் கேட்காமல், வேலை கிடக்கிறது என்று தைக்கவே திருப்பி அனுப்பிவிட்டேன்.

"எல்லாரும் சுகம்" என்று பொய் சொல்லிவிட்டு அவளிடம் போனேன்.

"ஒன் வீட்டுக்காரர் எப்படிம்மா இருக்காரு?"

"கையில தீக்காயம் மொதலாளி. ஆஸ்பத்திரியில கெடக்காக."

"மொதல்ல போய்ப் பாரும்மா."

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "நீங்களாவது விசாரிச்சீகளே மொதலாளி, அது போதும்."

விசாரித்தது நானில்லை, கடலுக்கு அந்தப் பக்கம் நின்ற ஒரு மனிதர். அதை அவளிடம் சொல்ல எனக்கு இன்றுவரை வாய் வரவில்லை.