ஐயம் மாஸ்ரர்

உடுப்பிட்டியில் கனகசபாபதி என்றால் பலருக்குத் தெரியாது. ஐயம் மாஸ்ரர் என்றால் தெரியும். முப்பத்தொரு வருடம் உயர்தர வகுப்புக்கு அளவையியல் என்ற தர்க்கப் பாடம் படிப்பித்தவர். ஒல்லாந்தர் யாழ்ப்பாணத்தைப் பிடித்த அதே நூற்றாண்டில் ஐரோப்பாவில் தத்துவவாதிகள் சிலர் எழுதிவைத்ததை அவர் பாடத்தோடு விட்டுவிடவில்லை. தெளிவாகத் தெரியாத எதையும் ஏற்காதே. எல்லாவற்றையும் ஐயப்படலாம், ஐயப்படுகிறவன் ஒருவன் இருக்கிறான் என்பதைத் தவிர. அப்படியே வாழ்ந்தார்.

அதனால் மனைவி கமலாவதி பட்ட பாடு கொஞ்சமல்ல. சாதகம் பார்க்காமல் மகளைக் கட்டிக்கொடுத்தார். போர்க்காலத்தில் ஷெல்லடித்த நாளொன்றில் அயலெல்லாம் கோயிலுக்கு ஓடியபோது, "கோயில்லை விழாது எண்டதுக்கு என்ன நியாயம்?" என்று அவளைப் பதுங்குகுழிக்குள் இழுத்துப்போனார். அன்று கோயில் மண்டபத்தில்தான் விழுந்தது. அதற்குப் பிறகு அவள் அவரோடு வாதாடியதில்லை.

போன வருடம் மறதி தொடங்கியது. முதலில், சாப்பிட்டேனா என்று ஐயப்பட்டார். பிறகு, இது தன் வீடுதானா என்று. மூளை சுருங்குகிறது, மருந்தால் திருப்ப ஏலாது என்றார் டொக்ரர்.

ஒருநாள் காலை கிணற்றடியில் முகம் கழுவியவர் ஈரத்தோடு நின்றார்.

"இஞ்சை பாரும், நான் இருக்கிறன் எண்டது தெரியுது. இருக்கிறது ஆர் எண்டுதான் தெரியேல்லை."

"நீங்கள் என்ரை மனுசன்."

"அதுக்கு என்ன ஆதாரம்?"

கமலாவதி கலியாணப் படத்தை எடுத்துவந்து காட்டினாள். கனநேரம் பார்த்தார். "உவன் ஆரோ இளம் பெடியன்" என்று திருப்பிக் கொடுத்தார்.

மாசியோடு கேள்விகளும் நின்றுபோயின. எதைச் சொன்னாலும் "ஓம்" என்றார். ஒருமுறை அவள், "எங்களுக்குப் பிள்ளையளே இல்லை" என்று சொல்லிப் பார்த்தாள். அதற்கும் "ஓம்" என்றார். சொன்ன வாய்க்கு அடிக்கலாம் போலிருந்தது அவளுக்கு.

பங்குனித் திங்கட்கிழமையொன்றில், நாற்பது வருடமாக வாசலோடு நின்றவரைக் கோயிலுக்குள் கூட்டிப்போனாள். ஐயர் கையை நீட்டச் சொன்னார். நீட்டினார். மணிக்கட்டில் நூல் கட்டி, "இனிச் சுகமாகும்" என்றார் ஐயர்.

"ஓம்."

அவர் கோயிலுக்குள் வரவேண்டுமென்று எத்தனை நேர்த்தி வைத்தவள் அவள். இப்போது அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை. வீட்டுக்கு வந்ததும் கத்தரிக்கோலை எடுத்தாள்.

"உங்களைக் கேளாமல் கட்டுவிச்சுப்போட்டன்."

"ஓம்."

நூலை வெட்டி எடுத்த பிறகும் அவர் கையை நீட்டியபடியே இருந்தார்.