பச்சை ஒயர்

செங்கல்பட்டில் எனக்கு ஒரு சின்ன ஆடியோ சர்வீஸ் கடை. உள்ளேயே ஆம்ப்ளிஃபயர் வைத்த பவர்டு ஸ்பீக்கர்கள்தான் முக்கால்வாசி வரும். வேலையில் நான் படு உஷார். பிளக்கைப் பிடுங்கிய பிறகும் கெபாசிட்டரில் கரண்ட் தங்கியிருக்கும் என்று காத்திருந்து, மீட்டர் வைத்துப் பார்த்துவிட்டுத்தான் கை வைப்பேன். பழுது பார்த்த பாக்ஸை முதல் தடவை ஆன் செய்யும்போது கரண்ட் வரும் ஒயரின் நடுவில் ஒரு குண்டு பல்பு மாட்டுவேன். உள்ளே ஷார்ட் இருந்தால் பல்பு பளிச்சென்று எரிந்து காட்டிக்கொடுத்துவிடும். என் உயிர்மேல் எனக்கு அவ்வளவு அக்கறை.

அக்காவை மாமல்லபுரம் பக்கம் ஒரு கடலோர ஊரில் கட்டிக்கொடுத்திருக்கிறோம். அங்கே சர்ச்சில் அவள்தான் பாடுவாள். புதிதாக வாங்கிய இரண்டு பாக்ஸும் எந்நேரமும் உர்ரென்று இரைகின்றன, ஜெபம் பண்ண முடியவில்லை என்று ஒருநாள் கூப்பிட்டாள். மைக் மாட்டுகிற மிக்ஸருக்கு ஒரு சுவரில் கரண்ட், பாக்ஸ்களுக்கு எதிர்ச் சுவரில்; இரண்டு சுவர் எர்த்துக்கும் நடுவே வருகிற இரைச்சல் அது. எல்லாவற்றுக்கும் ஒரே இடத்திலிருந்து கரண்ட் எடுத்திருந்தால் போயிருக்கும். எனக்கோ பஸ்ஸைப் பிடிக்கிற அவசரம். பாக்ஸ்களின் பிளக்கைக் கழற்றி எர்த்துக்கான பச்சை ஒயரை வெட்டிவிட்டேன். எங்கள் தொழிலில் பாதிப் பேர் செய்வதுதான். இரைச்சல் டக்கென்று நின்றது.

"எர்த்துதான் மாமா பேஜாரு. எடுத்துட்டா க்ளீனா கீது" என்று அக்கா வீட்டுக்காரரிடம் பெரிய மேதாவி போலச் சொல்லிவிட்டு, மீன்குழம்பு சாப்பிட்டுக் கிளம்பினேன்.

போன மழைக்காலத்தில் அக்காவுக்கு மைக்கில் ஷாக் அடித்தது. உப்புக்காற்று பாக்ஸின் உள்ளே அரித்து, கரண்ட் இரும்புத் தகட்டில் இறங்கியிருக்கிறது. மண்ணுக்குப் போக வழியில்லாமல் மைக் ஒயரில் ஓடி, ஈரத்தரையில் வெறுங்காலோடு நின்று பாடியவளைத் தூக்கிப் போட்டுவிட்டது. பிழைத்துக்கொண்டாள். வலது கையில் இரண்டு விரல் மரத்தது மரத்ததுதான். அதற்குப் பிறகு அவள் பாடவில்லை.

ஒன்று மட்டும் எனக்கு உதைத்தது. மிக்ஸரின் பச்சை ஒயரை நான் தொடவே இல்லையே, அதுவாவது கரண்டை மண்ணில் இறக்கி அவளைக் காப்பாற்றியிருக்க வேண்டாமா? சர்ச்சுக்குப் போய், பழுதான பாக்ஸைச் சரிசெய்து, வெட்டிய ஒயர்களை மறுபடி சேர்த்து ஆன் செய்தேன். திரும்பி வந்திருக்க வேண்டிய இரைச்சல் வரவே இல்லை. சுவர் போர்டைக் கழற்றினேன். எர்த்துக்கான மூன்றாவது ஓட்டைக்குப் பின்னால் ஒயரே கிடையாது.

கூட வந்திருந்த மாமா சாதாரணமாகச் சொன்னார். "நீதான மச்சான் எர்த்து பேஜாருன்ன. அதான் எலக்ட்ரீஷியன வுட்டு போர்டுலயே எல்லாத்தயும் உருவிட்டோம். தெருவுல பாக்ஸு வச்சிகினுக்கிற வூடெல்லாம் எடுத்தாச்சி. உன் பேர சொல்லித்தான்."

"நம்ம வூட்லயுமா?"

"முதல்ல நம்ம வூடுதான்."

திரும்பப் போட வேண்டும் என்று கெஞ்சினேன். "எர்த்து குழி மேல டைல்ஸ் போட்டாச்சி மச்சான். அத்த ஒடச்சிட்டு, திரும்ப உர்ருன்னா எவன் ஒத்துப்பான்?" என்றார். ஒருவரும் ஒத்துக்கொள்ள மாட்டார்கள். அந்தத் தெருவில் என் வாக்கு அப்படி வேரூன்றிவிட்டது.

வீட்டுக்குப் போய் அக்காவிடம் எல்லாவற்றையும் சொன்னேன், நான்தான் வெட்டினேன் என்று. "வுடுடா, வேணும்னா செஞ்ச?" என்றாள். திட்டியிருந்தால் தேவலை.

பின்கட்டில் வாஷிங் மெஷின் ஓடிக்கொண்டிருந்தது. புறங்கையை லேசாக வைத்துப் பார்த்தேன். சுருக்கென்றது.

"எத்தினி நாளா இப்டி அடிக்குது?"

"அது எப்பவும் அப்டித்தான். செருப்பு போட்டுகினு தொட்டா ஒண்ணும் ஆவாது."

பிளக்கைப் பிடுங்கினேன். "துணி பாதியில கீதுடா" என்று சொல்லிக்கொண்டே, செருப்பை மாட்டிக்கொண்டு, மரத்த கையாலேயே அதை மறுபடி செருகினாள்.