ஆசாரி இரண்டு முறை இழைத்த கதவு

இன்று காலை என் மனைவி, "பாத்ரூம் கதவு தரையில உரசுது, ஆசாரிக்கு ஒரு போன் பண்ணுங்க" என்றாள். நான் போனை எடுக்கவில்லை. செருப்பை மாட்டிக்கொண்டு தெருவுக்கு ஓடி, மதில் சுவரை ஒட்டி நிற்கும் வேப்பமரத்தை அண்ணாந்து பார்த்தபடி நின்றேன். பாண்டிச்சேரி கருவடிக்குப்பத்தில் எங்கள் தெருவாசிகளுக்கு இது பழகிப்போன காட்சி. பால் பாக்கெட்டோடு போன எதிர்வீட்டுக்காரர், "என்னா சார், இன்னிக்கும் மரத்துக்கு வைத்தியமா?" என்று கேட்டுவிட்டுப் போனார். வாசலுக்கு வந்த மனைவி, "கதவச் சொன்னா மரத்தப் பாக்குற ஆளு உலகத்துலயே நீங்க ஒருத்தர்தான்" என்றாள்.

அவள் சொன்னது உண்மைதான். மரத்தைப் பார்த்தால் மற்றவர்களுக்கு மனம் குளிரும். எனக்கு அது எந்தப் பக்கம் சாயும் என்ற பயம் வரும். பையனுக்குப் பெண் பார்க்கப் போன வீட்டில், முற்றத்துத் தென்னைக்குப் பயந்து மூன்று தடவை நாற்காலியை மாற்றிப் போட்டு உட்கார்ந்தேன். நான் வாஸ்து பார்க்கிறேன் என்று நினைத்து, பெண்ணின் அப்பா பதறிப்போய் சமையலறை எந்த மூலையில் இருக்கிறது என்று விளக்க ஆரம்பித்துவிட்டார். அந்தச் சம்பந்தம் கூடிவந்தது என் திறமையால் அல்ல.

இந்தப் பயம் பிறவியிலேயே வந்ததில்லை. சொல்லப்போனால், வேலைக்குச் சேர்ந்த புதிதில் எனக்குத் தைரியம் கொஞ்சம் அதிகமாகவே இருந்தது. சாலையோர மரங்களைக் கவனிக்கும் அலுவலகத்தில் வேலை. அப்போது குடியிருந்த அரியாங்குப்பத்திலிருந்து சைக்கிளில் ஆற்றுப் பாலத்தைத் தாண்டி வருவேன். மழைக்காலம் தொடங்குவதற்கு முன் தெருத் தெருவாகப் போய், எந்த மரம் நிற்கும், எந்த மரம் விழும் என்று சொல்ல வேண்டும். கருவி என்று பார்த்தால் ஒரு கொட்டாப்புளி, ஆசாரிகள் உளியைத் தட்டும் அதே மரச்சுத்தியல்தான். அதைக்கொண்டு அடிமரத்தைத் தட்டுவேன். 'டங்' என்று கெட்டியாகக் கேட்டால் நல்ல மரம். 'தொம்' என்று கேட்டால் உள்ளே பொக்கை. சுண்ணாம்பில் ஒரு கோடு போட்டால் கிளை கழிக்க வேண்டும், இரண்டு கோடு போட்டால் மரத்தையே எடுக்க வேண்டும். கோடு இல்லாத மரத்தின் கீழே ஜனங்கள் நிம்மதியாக இளநீர் விற்பார்கள். என் காதை நம்பி ஓர் ஊரே நிழலில் உட்கார்ந்திருந்தது. அப்போது அதை நினைத்தால் பெருமையாக இருந்தது, பயமாக இல்லை.

ஒரு வருஷம் ஐப்பசியில் அலுவலகத்துக் கட்டுகளுக்கு நடுவிலிருந்து ஒரு கடிதம் வெளியே வந்தது. முழுக்கப் பிரெஞ்சு. எங்கள் ஊரில் இது அதிசயமில்லை. வெள்ளைக்காரன் போய் எத்தனையோ வருஷமாகியும், மனு என்றால் பிரெஞ்சில்தான் எழுத வேண்டும் என்றிருந்த பெரியவர்கள் அப்போது நிறையப் பேர். அப்படி வரும் கடிதம், படிக்கத் தெரிந்த ஆள் கிடைக்கும்வரை கட்டிலேயே தூங்கும். பிரெஞ்சுப் பள்ளிக்கூடத்தில் படித்த டைப்பிஸ்ட் செலின் புதிதாக வந்திருந்தாள். மேலோட்டமாகப் பார்த்துவிட்டு, "ஏதோ வாசக்கதவு சரியா சாத்த மாட்டேங்குதாம் சார், மரத்த வந்து பாக்கச் சொல்றாங்க" என்றாள்.

எழுதியவரைத் தெருவே மதாம் என்று கூப்பிடும். தமிழ் அம்மாள்தான், கணவர் பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்தவர். கடற்கரைக்கு இரண்டு தெரு மேற்கே அவர் வீடு. வாசலுக்கு நேராக ஒரு பெரிய தூங்குமூஞ்சி மரம். அதைச் சுற்றித் தெருக்காரர்கள் ஆசையாக சிமெண்ட் மேடை கட்டி, ஓடு பதித்து வைத்திருந்தார்கள். மரத்துக்குத் தெருப்பக்கம் காதர் பாயின் சைக்கிள் கடை. கடை என்றால் ஒரு தகரப்பெட்டி, ஒரு பம்பு, பஞ்சர் பார்க்கத் தண்ணீர் ஊற்றிய ஓர் இரும்புச் சட்டி.

நான் போன அன்று மழை தூறிக்கொண்டிருந்தது. "முசே, எல்லாத்தையும் எழுதியிருந்தேனே, இந்தக் கதவப் பாருங்க" என்று மதாம் இழுத்துக் காட்டினார். கனமான பழைய மரக்கதவு, கீழ்ப்படியில் கர்ரென்று உரசியது. அவர் வரவழைத்திருந்த ஆசாரி பக்கத்திலேயே இருந்தார். "மழைக்கு மரம் ஊதிப்போச்சுங்க, வேற என்னா? போன வாரம்தான் ஒரு சுத்து இழைச்சேன், இன்னிக்கி இன்னொரு சுத்து இழைச்சா தீந்துது" என்றார். எனக்கும் அது நியாயமாகப் பட்டது. ஐப்பசியில் எந்த வீட்டுக் கதவுதான் ஒழுங்காகச் சாத்தும்? இருந்தாலும் கடமைக்கு மேடைமேல் ஏறி மரத்தை நாலு பக்கமும் தட்டினேன். டங், டங். உச்சி முழுக்கப் பச்சை. வேர் தொடங்கும் இடம் மேடைக்குள் புதைந்திருந்தது. அதைப் பார்க்க வேண்டுமென்றால் ஓடுகளைப் பெயர்க்க வேண்டும். தெருக்காரர்களிடம் யார் வாங்கிக் கட்டிக்கொள்வது? காதர் பாய் தலையை நிமிர்த்தி, "என்ன சார், நம்ம ஆளு எப்படி?" என்று மரத்தைக் காட்டிக் கேட்டார்.

"ஒண்ணுமில்ல பாய். உங்க பேரன் காலம் வரைக்கும் நிக்கும்" என்றேன்.

இரண்டு நாள் கழித்து, காற்றும் மழையுமாக இருந்த ஒரு காலை. ஃபைலை மூடுவதற்காக அந்தக் கடிதத்தைக் கையில் எடுத்தேன். எனக்குப் பிரெஞ்சு தெரியாது. ஆனாலும் மேலே எழுதியிருந்த மாதத்தின் பெயர் பாண்டிச்சேரியில் பிறந்த எவனுக்கும் தெரியும். 'அவ்ரில்'. அதாவது சித்திரை வெயில். மண்ணே வெடித்துக் கிடக்கும் மாதத்தில் எந்தக் கதவு ஊதும்? செலினிடம் ஓடி முழுக்கப் படிக்கச் சொன்னேன். அவள் விரலை வைத்துப் படித்தாள். "கதவு பெருசாகல, வாசப்படிதான் மேல ஏறுதுன்னு எழுதியிருக்காங்க சார்."

மரம் தெருப்பக்கம் சாய்கிறது, வீட்டுப்பக்கத்து வேர் மண்ணையும் படியையும் மேலே தூக்குகிறது. ஆறு மாதமாக அந்த அம்மாள் இதைத்தான் சொல்லிக்கொண்டிருந்தார். நாங்கள் கதவை இழைத்துக்கொண்டிருந்தோம்.

நனைந்தபடி சைக்கிளை மிதித்துப் போய் இறங்கினேன். மதாம் வீட்டுப் பக்கம் மேடைக்கும் தரைக்கும் நடுவே ஒரு விரிசல். காற்று அடித்தபோது அது விரல் நுழையும் அளவுக்குத் திறந்தது, காற்று ஓய்ந்ததும் மூடிக்கொண்டது. மறுபடி திறந்தது.

"பாய், எழுந்திரிங்க! மரம் சாயுது!"

காதர் பாய் தலைக்குமேல் சாக்கைப் போட்டுக்கொண்டு ஒரு ட்யூபை உரசிக்கொண்டிருந்தார். நிமிர்ந்து பார்த்துச் சிரித்தார். "முந்தாநேத்து நீங்கதானே சார் தட்டிப் பாத்துட்டு ஒண்ணுமில்லன்னீங்க?"

"நான் சொன்னது தப்பு பாய். எனக்குத் தெரியாம சொல்லிட்டேன். எழுந்திரிங்க."

என் வேலையில் அதுவரை நான் சொல்லாத வாக்கியம் அது. சிரிப்பை நிறுத்திவிட்டு என் முகத்தைப் பார்த்தவர் எழுந்துவிட்டார். மதாமைப் பின்வாசல் வழியாக அடுத்த தெருவுக்கு அனுப்பினேன். தெருவின் இரண்டு முனையிலும் கயிறு கட்டினோம். முனையில் இருந்த டீக்கடையிலிருந்து அலுவலகத்துக்குப் போன் செய்தேன். பச்சை மரத்தை வெட்ட மேலே கேட்க வேண்டும் என்றார்கள். கேட்டுக்கொண்டே இருந்தார்கள்.

மூன்று மணி இருக்கும். பக்கத்தில் நின்ற பாய் திடீரென்று கயிற்றுக்கு அடியில் குனிந்து உள்ளே போனார். நான் கத்தினேன். "கஸ்டமர் வண்டி சார், அமானிதம். எங்கிட்ட நம்பி விட்டுட்டுப் போயிருக்காங்க" என்று சொல்லிக்கொண்டே நடந்தார். அவர் பின்னால் ஓடிப்போய் இழுத்து வந்தேன் என்று எழுத ஆசைதான். கயிற்றைப் பிடித்துக்கொண்டு நின்றேன், அவ்வளவுதான். அறுபது வயது மனிதர், மரத்தில் சாய்த்திருந்த ஒரு சைக்கிளின் பூட்டைத் திறக்க முடியாமல், பின்சக்கரத்தைத் தூக்கிப் பிடித்தபடி மெல்ல மெல்லத் தள்ளிக்கொண்டு வந்தார். தன் பெட்டியை அவர் தொடவே இல்லை.

டீக்கடைக்காரர் அவருக்கு டீயை ஆற்றிக் கொடுத்துக்கொண்டிருக்கும்போதே மரம் விழுந்தது. அவசரமே இல்லாமல், படுக்கப் போகிறவர் போலச் சாய்ந்து விழுந்தது. மேடை இரண்டாகப் பிளந்து நின்றது. உள்ளே வேர்கள் டீயில் ஊறின ரஸ்க் மாதிரி இருந்தன. தகரப்பெட்டி தரையோடு தரையாகியிருந்தது. பாய் டம்ளரைக் கீழே வைத்துவிட்டு, சைக்கிள் சீட்டில் இருந்த ஈரத்தைத் துண்டால் துடைத்தார்.

மரத்தை அறுத்து எடுத்ததும் வாசப்படி பழைய இடத்துக்கு இறங்கிவிட்டது. இரண்டு முறை இழைத்த கதவுக்கும் படிக்கும் நடுவே இரண்டு விரற்கடை இடைவெளி. அது வழியாகத் தெரு வெயில் நேராகக் கூடத்துக்குள் விழுந்தது. மதாம் ஒரு பழைய பாவாடையைச் சுருட்டி அங்கே அடைத்துவைத்திருந்தார். என்னைக் குறைசொல்லி ஒரு வார்த்தை எந்த பாஷையிலும் அவர் பேசவில்லை.

அதைவிடப் பெரிய தண்டனை அடுத்த மாதம் வந்தது. காதர் பாய் அலுவலகத்துக்கே வந்து என்னைக் கூட்டிப் போனார். பெரிய மார்க்கெட்டுக்குப் பின்னால் ஒரு பூவரச மரம். "இதுக்குக் கீழ கடை போடலாம்னு பாக்குறேன். ஒருக்கா தட்டிச் சொல்லுங்க சார், நீங்க சொன்னா போதும்" என்றார். அத்தனைக்குப் பிறகும் நான் சொன்னால் போதுமாம். தட்டினேன். டங் என்றுதான் கேட்டது. மறுபடி தட்டினேன். சுற்றி வந்தேன், குந்தி உட்கார்ந்து மண்ணைக் கிளறிப் பார்த்தேன். ஒரு குறையும் இல்லை. ஆனால் 'நிக்கும்' என்று சொல்ல வாய் வரவில்லை. பாய், "சரி சார், வுடுங்க" என்று என் தோளைத் தட்டினார். ரோட்டின் எதிர்ப்பக்கம், வெயிலில், ஒரு தார்ப்பாயைக் கட்டிக்கொண்டு கடை போட்டார். கடைசிவரை அந்த வெயிலில்தான் இருந்தார். அந்தப் பூவரசு நான் ஓய்வு பெறும்வரை அசையாமல் நின்றது.

இப்போது மதாம் இல்லை, பாயும் இல்லை. மதாமின் வீடு தங்கும் விடுதியாகி, வாசலில் தானாகத் திறக்கும் கண்ணாடிக் கதவு. மரம் நின்ற இடத்தில் வண்டிகள் நிற்கின்றன. கொட்டாப்புளி என் வீட்டுப் பரணில் எங்கேயோ கிடக்கிறது.

வேப்பமரத்தடியில் நான் இன்னும் நின்றுகொண்டிருந்ததைப் பார்த்து மனைவி இறங்கி வந்தாள். அவளுக்கும் கொஞ்சம் பயம் தொற்றியிருக்க வேண்டும். "என்னாங்க, ஒண்ணுமில்லதானே?" என்று கேட்டாள்.

அந்தக் காலத்தில் இதற்கு எனக்கு அரை நொடியில் பதில் வரும். இப்போது குந்தி உட்கார்ந்து வேரடி மண்ணைக் கிளற ஆரம்பித்தேன்.