மூடியே வைத்திருந்த கண்

காசிமேட்டு மீன் சந்தையில் நடக்கும்போதெல்லாம் என் இடது தோள் யார் மீதாவது இடித்தது. கூட்டத்தின் குற்றம் என்று நினைத்தேன். ஊர் அதைத் திமிர் என்றது. எங்கள் குப்பத்திலிருந்து சினிமா கேமராவைத் தொட்ட முதல் பெண் நான். இடப்பக்கம் நின்று சிரித்தவர்களைப் பார்க்காமல் போனால் தலைக்கனம் என்றுதானே சொல்வார்கள்?

ஒருநாள் இடப்பக்கமாக வந்த ஆட்டோ மீதே மோதினேன். விசைப்படகு ஓட்டும் என் அண்ணன் செல்வம் மருத்துவமனைக்கு இழுத்துப் போனார். மருத்துவர் என் வலது கண்ணை மறைத்தார்.

"விளக்க ஏன் அணைச்சிட்டீங்க டாக்டர்?" என்று கேட்டேன்.

அவர் எதையும் அணைக்கவில்லை.

கிளாக்கோமா (கண்ணுக்குள் அழுத்தம் கூடி, பார்வை நரம்பைச் சிறிது சிறிதாக அழிக்கும் நோய்). எனக்கு வலியே இருந்ததில்லை. கேமராவில் காட்சியைப் பார்க்கும் வியூஃபைண்டரில் வலது கண்ணை வைத்து, இடது கண்ணை இறுக்கி மூடியே இருபத்தாறு வருடம் ஒளிப்பதிவு வேலை செய்தவள் நான். அந்தக் கண் எப்போது போனது என்று எனக்கே தெரியாது. வெளிச்சத்தை வைத்துச் சோறு தின்றவளுக்கு இது வெட்கமாக இருந்தது.

"இன்னாமே, ஒரு கண்ணு பூட்ச்சு, அதுகூடவா தெர்ல?" தாழ்வாரத்தில் அண்ணன் கத்தினார்.

"மூடிகினே கீற கண்ணுல இன்னாண்ணா தெரியும்?"

அவர் சுவர்ப் பக்கம் திரும்பி அழுதார்.

வலது கண்ணிலும் அழுத்தம் ஏறியிருந்தது. டிராபெக்குலெக்டமி (கண்ணுக்குள் தேங்கும் நீர் வெளியேற வழி செய்யும் அறுவை) செய்தார்கள். "போனது திரும்பாதும்மா. இருக்கிறதக் காப்பாத்தத்தான் இது. எத்தனை வருஷம்னு என்னால சொல்ல முடியாது" என்றார் மருத்துவர்.

இதைப் படிப்பவர்கள் இன்றே ஒரு கண்ணைக் கையால் மூடிப் பாருங்கள். பிறகு மற்றதை. இரண்டும் திறந்திருந்தால் ஒன்றின் குறையை இன்னொன்று மறைத்துவிடும்.

என் பொழுது இப்போது சொட்டுமருந்து வேளைகளாக நகர்கிறது. மிச்சமிருக்கும் பார்வையும் ஓரங்களில் குறைகிறது. பயமாக இருக்கிறது. எத்தனையோ முகங்களுக்கு ஒளி அமைத்தவள், அண்ணனை ஒருநாளும் நின்று பார்த்ததில்லை. போன வாரம் துறைமுகத்தில் அவரை என் வலப்பக்கம் நிற்கச் சொன்னேன்.

"இன்னாமே அப்டி பாக்குற?"

"சும்மாதாண்ணா. நவுராத."

படகிலிருந்து ஆட்கள் கூப்பிட்டார்கள். நான் பார்த்து முடிக்கும்வரை அவர் நகரவில்லை.